அர்மாஸ் லௌஹெலா விட்டுக்கொடுத்த வேடம்

அவைக்குத் தலைமை ஏற்றிருக்கும் நகர்மன்றத் தலைவி கைசு தெர்வோ அம்மையார் அவர்களே! வர்க்கௌஸ் நகரத்துப் பெரியோர்களே! பனியைப் பொருட்படுத்தாமல் வந்திருக்கும் தாய்மார்களே! காகித ஆலைத் தோழர்களே! முதல் வரிசையில் எழுபது வயதுக் குழந்தையாய் வீற்றிருக்கும் எங்கள் அர்மாஸ் லௌஹெலா அவர்களே! உங்கள் அனைவருக்கும் தச்சன் வில்ஹோவின் தாழ்மையான வணக்கம்.

எழுதினார், நடித்தார், இயக்கினார். மூன்றும் செய்தவர் இவர். ஆனால் உங்களுக்கு இவர் யார்? சைக்கிளோடு ஏரியில் விழும் தபால்காரர்! பதினாறு படங்களில் விழுந்தார். பதினாறு முறையும் நாடே சிரித்தது. (அதோ, இப்போதே சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், சிரியுங்கள்.)

அந்தச் சிரிப்புக்கு நடுவில், ஆறு ஆண்டுகள் அமைதியாக ஒரு கதை எழுதினார். ஏரிப் பனி உடைந்து மகனைப் பறிகொடுத்த படகோட்டியின் கதை. படகோட்டியாக அவரே நடித்தார். படம் முடிந்ததும், ஒரு மார்ச் மாதம், இதே ஊர் ஆலை மண்டபத்தில் தொழிலாளர்களுக்குப் போட்டுக் காட்டினோம்.

மகனின் தொப்பியைக் கையில் ஏந்தி அந்தத் தகப்பன் திரும்புகிறான். திரையில் அர்மாஸின் முகம் தெரிகிறது. மண்டபமே சிரித்தது!

யாரைக் குறை சொல்வது? பார்த்தவர்களையா? படைத்தவரையா? படம் முடிந்து எல்லோரும் கலைந்தார்கள். ஆலைச் சலவைக்கூடத்தில் வேலை செய்த சைமி என்ற அம்மா மட்டும் இவரிடம் வந்து நின்றார்.

"கோவிச்சுக்காதீங்க ஐயா. எங்க வீட்டுக்காரர் செத்துப்போன வருசம் நான் சிரிச்சதே உங்க படத்துலதான். உங்க மூஞ்சியப் பாத்தா எனக்குத் துக்கம் மறந்துபோவுது. அதை எங்கிட்டருந்து எடுத்துக்காதீங்க."

இவர் தொப்பியைக் கழற்றித் தலை குனிந்தார், அவ்வளவுதான். மறுநாள் காலை, இவர் படங்களுக்கு அரங்கு போடும் தச்சனாய்ப் பலகை இழைத்துக்கொண்டிருந்த என்னிடம் வந்தார். படகோட்டி வேடத்தை நான் கட்ட வேண்டுமாம்!

"எனக்கு ஆணி அடிக்கத்தான் தெரியும், அண்ணே" என்றேன்.

"படகோட்டிக்கும் நடிக்கத் தெரியாதே, வில்ஹோ. வா."

தயாரிப்பாளர் கொதித்தார். அர்மாஸ் முகம் இல்லாத படத்துக்கு எவன் வருவான் என்றார். இவர் அசையவில்லை. ஏரிப் பனி உருக மூன்றே வாரம் இருந்தது. காலடியில் பனி முனகியது. கண்ணிமையில் பனி உறைந்தது. கலங்காமல் காட்சிக்குக் காட்சி மறுபடி எடுத்தார். கடைசிக் காட்சி எடுத்த நான்காம் நாள் ஏரிப் பனி உடைந்தது.

படம் வெளிவந்தது. பார்த்தவர்கள் எழுந்திருக்க மறந்து உட்கார்ந்திருந்தார்கள். பத்திரிகைகள் தச்சனைப் பாராட்டின. இவரோ? அடுத்த கோடையிலேயே சைக்கிளை எடுத்துக்கொண்டு மறுபடியும் ஏரியில் விழப் போய்விட்டார்!

அன்பார்ந்தவர்களே! புகழைத் துறந்தவர்களைப் பார்த்திருக்கிறோம். பொருளைத் துறந்தவர்களைப் பார்த்திருக்கிறோம். ஆறு ஆண்டு தன் நெஞ்சில் சுமந்த வேடத்தை, ஒரு சலவைக்காரம்மாவின் சிரிப்புக்காகத் துறந்த நடிகனைப் பார்த்திருக்கிறோமா? (தலையை ஆட்டாதீர்கள் அண்ணே, இன்று நான்தான் பேசுவேன்.)

இன்னும் ஒன்று சொல்லி அமர்கிறேன். அந்தப் படத்தில் நடிகர்கள் பட்டியலில் இவர் பெயர் கிடையாது. ஆனால் பனிமேல் நான் மண்டியிட்ட ஒவ்வொரு தடவையும், காமிராவுக்குப் பின்னால் இவரும் மண்டியிட்டார். என் உதடு அசைந்தபோதெல்லாம் இவர் உதடும் அசைந்தது. நான் அழுதது இவரைப் பார்த்துத்தான். அந்த நடிப்பைப் பார்த்தவன் உலகத்தில் நான் ஒருவன்தான்.

பொறுமையாய்க் கேட்ட உங்களுக்கு நன்றி. அர்மாஸ் அண்ணே, உங்களுக்கு என் வணக்கம்.