சண்டை போடாத குடித்தனம்

எழுபதைத் தாண்டியும் எனக்குச் சர்க்கரை இல்லை, பிரஷர் இல்லை. மொட்டை மாடித் தொட்டியில் தண்ணீர் எவ்வளவு இருக்கிறதென்று நானே ஏறித்தான் பார்ப்பேன். அடுத்தவன் சொல்லை நம்பிப் பழக்கமில்லை.

வடக்குப்பட்டில் நிலத்தை விற்றுக் கட்டிய வீடு. மாடி அறையில் ஆவணியில் குடிவந்தார்கள் இசக்கிபாண்டியும் வேல்விழியும். தெற்கத்திப் பிள்ளைகள், புதுசாகக் கல்யாணம் ஆனவர்கள். இரண்டு பேருக்கும் ஒரகடத்தில் வேறுவேறு கம்பெனி. அவனுக்கு நைட் ஷிப்ட், அவளுக்குக் காலை ஷிப்ட். அவன் வந்து படியேறினால் கொஞ்ச நேரத்தில் இவள் பஸ் பிடிக்க இறங்குவாள். அவள் யூனிபார்மை அவன்தான் துவைத்துக் காயப்போடுவான். ஆம்பளை செய்கிற வேலையா என்று தோன்றியது. 

ஒருநாள் தொட்டி காலி. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கேட்கப் போனேன்.

"நான்லா கடைசியா குளிச்சேன். என் தப்புதான் தாத்தா" என்றாள் அவள்.

உடனே அவன், குழாய் ஒழுகுவது தெரிந்தும் வாஷர் மாற்றாமல் விட்டது தன் தப்பு என்றான். சொன்னதோடு நிற்கவில்லை, அன்றைக்கே வாங்கிவந்து மாற்றியும் விட்டான். சண்டைக்குப் போனவன் வேட்டியை இறக்கி விட்டுக்கொண்டு வந்தேன்.

அன்றிலிருந்து என் சம்சாரம் சந்திரம்மாளுக்கு வாய் நீண்டுவிட்டது.

"பாத்தியாயா, அந்தப் புள்ள எப்டி ஒத்துக்கிறான்? நீ இந்த வூட்ல ஒரு வாட்டியாவது உன் தப்புன்னு சொல்லிகீறியா?"

தப்பு செய்திருந்தால்தானே சொல்வதற்கு என்றேன். சிரித்துக்கொண்டே வெங்காயம் அரிந்தாள். குழம்பில் உப்பு மறந்தால்கூட, "என் தப்புதான் தாத்தா" என்று அந்தப் பெண் மாதிரியே இழுத்துப் பேசிக்காட்டுவாள். கட்டிய புருஷனைத் தாத்தா என்கிறாள்.

கேட்டதும் ஒத்துக்கொள்கிற ஆளை நான் நம்புவதில்லை. பெரிசாக எதையோ மறைக்கிறவன்தான் சின்னதை ஒத்துக்கொள்வான். வெளியே இப்படிக் கொஞ்சுகிறதுகள் உள்ளே எப்படி என்று பார்க்க நினைத்தேன். பார்க்க மட்டும்தான்.

அதனால் தொட்டிக் குழாயை நானே ஒருநாள் திறந்துவிட்டேன். இரண்டும் தன் தப்பு தன் தப்பு என்று தெருக்குழாயிலிருந்து குடம் குடமாகச் சுமந்தார்கள். எங்களுக்கும் சேர்த்து.

பிறகு அவள் சேஃப்டி ஷூவில் ஒன்றை எடுத்து மோட்டார் ரூமில் போட்டேன். அது இல்லாமல் கம்பெனி லைனில் வேலைக்கு நிற்க விடமாட்டார்கள். தேடுவதற்குள் பஸ் போய்விட்டது. உள்ளே எடுத்து வைக்காதது என் தப்பு என்கிறாள். நாய் வந்து தூக்குமென்று தெரிந்தும் பேசாமல் இருந்தது என் தப்பு என்கிறான். எங்கள் தெரு நாய் படியே ஏறாது. அதைக்கூட யோசிக்காத பிள்ளைகள்.

மாசியில் அவளைப் பர்மனென்ட் ஆக்க இன்டர்வியூவுக்குக் கூப்பிட்டார்கள். அன்று போகாவிட்டால் டிரெய்னிங்கோடு வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள், வல்லக்கோட்டை முருகனுக்கு வேண்டியிருக்கிறேன் என்று சந்திரம்மாளிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். எனக்கும் காது இருக்கிறது.

அன்று காலை அவள் குளிக்கப் போன நேரம், ஜன்னல் ஆணியில் தொங்கிய அடையாள அட்டையைக் கைவிட்டு எடுத்தேன். தேடினார்கள். நானும் தேடினேன். கட்டிலைத் தூக்கிப் பிடித்ததே நான்தான். அட்டை என் மடியில் இருந்தது.

அட்டை இல்லாமலே போய்ப் பார்த்தாள். கம்பெனி கேட்டிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள். இன்றைக்குச் சண்டை நிச்சயம் என்று படியில் போய் உட்கார்ந்தேன்.

"துவைக்கையில பாக்கெட்டப் பாக்காம விட்டுட்டேன் புள்ள, என் தப்பு" என்றான்.

"ஆணியில மாட்டுன ஞாவகம் இருக்கு. இருந்தாலும் முந்தியே பையில வச்சிருக்கணும்லா. ஒன் மேல ஒண்ணுமில்ல" என்றாள்.

அப்புறம் அழுகைச் சத்தம். கொஞ்ச நேரத்தில், நீ சாப்பிட்டியா, நீ சாப்பிட்டியா என்று மாற்றி மாற்றி விசாரிப்பு. இதற்கு மேல் ஒரு மனுஷன் என்னதான் செய்வான்?

அட்டையை ஏரியில் போட்டேன். ஏரிக்குக் கிளம்புமுன் மடியிலிருந்து அதை எடுக்கும்போது சந்திரம்மாள் பார்த்தாள்.  அன்றிலிருந்து அந்தப் பெண் மாதிரி பேசிக்காட்டுவதை விட்டுவிட்டாள். வீடு இப்போது அமைதியாக இருக்கிறது.

ஒருத்தன் சம்பளத்தில் ஓட்ட முடியாதென்று அவள் ஊருக்குப் போகிறாள், அவன் ஹாஸ்டலுக்குப் போகிறான். புறப்படும்போது இரண்டு பேரும் வந்து என் காலில் விழுந்தார்கள்.

"ஒங்களுக்கு ரொம்பத் தொந்தரவு குடுத்துட்டோம். மன்னிச்சுக்கிடுங்க தாத்தா" என்றான்.

நான் எதையும் மனசில் வைத்துக்கொள்கிற ஆளில்லை. மன்னித்துவிட்டேன்.