ஷட்டில் கதை கேட்ட நேரம்

— ராக்கெட்டு மாரி மேல போவும் மச்சான், வரச்சொல்ல ஏரோப்ளேன் மாரி ரன்வேல எறங்கும். பழுது பாத்து மறுபடி அனுப்புவாங்க. ஸ்பேஸ் ஷட்டிலு. அண்ணனூர் ஷெட்டுக்கு மின்சார ரயிலு வருது, நாங்க பாத்து அனுப்பல? அப்டித்தான்.

— ஆளுங்க உள்ள இருப்பாங்களா மாமா?

— பின்ன? ஏழு பேரு. போன்ல அதத்தான் பாத்துகினு கீறேன். உங்க அக்கா இல்லாத ஊட்ல தூக்கமே வர்ல நிர்மலு.

— டீ ஆறுது, குடிங்க.

— கெடக்கட்டும், உங்க ஊட்டுக்குப் போலாம் வா. மல்லிப்பூ கீது, ஹேமாவுக்குப் புடிச்ச பால்கோவா கீது. இத்தப் பாத்தா சிரிச்சிடுவா. இந்தப் பட்டாபிராம்லேர்ந்து அவள எத்தினி வாட்டி கூட்டிகினு போயிருப்பேன்!

— ஆமா, ஒவ்வொரு தடவையும் அக்கா வந்துச்சு. அந்த ஷட்டில் என்னாச்சு, சொல்லுங்க.

— மேல போவச்சொல்ல டேங்குலேர்ந்து ஒரு துண்டு பேத்துகினு ரெக்கையில அட்ச்சிட்ச்சு. முன்னாடியும் அட்ச்சிருக்குது. ஒவ்வொரு வாட்டியும் அடிபட்டும் பத்திரமா வந்துட்ச்சா, ஒண்ணும் ஆவாதுன்னு உட்டுட்டாங்க. சில பேரு கேட்டாங்க, எவ்ளோ அடின்னு படம் புடிச்சுப் பாத்துடலாம்னு. பெரிய ஆளுங்க வேணான்னுட்டாங்க. திரும்பி வரச்சொல்ல ரெக்கைக்குள்ள நெருப்பு பூந்து, ஏழு பேரும் வானத்துலயே போய்ட்டாங்க. அதுல ஒண்ணு நம்ம நாட்ல பொறந்த பொண்ணு.

— பாக்கவே இல்லையா மாமா?

— அதான் வயிறு எரியுது. இப்ப மிச்சம் கீறதெல்லாம் மியூசியத்துல நிக்குது.

— அன்னிக்கு நீங்க வீசின தட்டு அக்கா நெத்தியில பட்டுச்சு.

— கோவத்துல வீசிட்டேன். லேசாதான் பட்டுச்சு. தப்புதான், இல்லங்கல. அதுக்குத்தான பூ வாங்கியாந்தேன். எந்திரி, வாடிடப் போவுது.

— வேற எதுவும் கேக்கணுமா மாமா?

— வேற இன்னா? சாயங்காலம் எனக்கு ஷிப்ட்டு கீது, அதுக்குள்ள அவளக் கூட்டிகினு ஊடு போய்ச் சேரணும்.

— அக்கா வீட்ல இல்ல மாமா. கோயம்புத்தூர்ல வேலை கெடச்சிருக்கு, சென்ட்ரல்ல வண்டியில உக்காந்திருந்துச்சு. ‘அவரு என் நெத்தி எப்டியிருக்குன்னு ஒரு வார்த்த கேட்டா போன் பண்ணு, எறங்கி வந்துடுறேன்’னு சொல்லிச்சு. நானும் இவ்ளோ நேரமா உங்க வாயையே பாத்துக்கிட்டிருந்தேன். இப்பதான் மெசேஜ் வந்துச்சு, வண்டி எடுத்துட்டாங்க.