தண்ணீர் ஒத்துக்கொள்ளாது

எங்கள் மீன் காட்சியகத்துக்கு வருகிறவர்கள் எல்லோரும் கேட்கிற கேள்வி ஒன்றுதான் ஐயா: இந்த மீனுக்குக் குளிராதா? குளிராது. பெரும்பாலான மீனுக்குத் தண்ணீர் என்ன சூடோ அதுவே உடம்புச் சூடும். உறைபனிக் கடலில் பிறந்தது பனிக்கட்டிக்கு அடியில் ஹாயாக நீந்தும். ரத்தம் உறையாதபடி உடம்பே பார்த்துக்கொள்ளும். சூரை மீன் கொஞ்சம் ராங்கிக்காரன், நீந்துகிற சதையின் சூட்டை வெளியே விடாமல் பத்திரப்படுத்தும். பவளப்பாறை மீனோ செல்லப்பிள்ளை. தண்ணீர் சட்டென்று குளிர்ந்தால் மல்லாந்துவிடும். இடம் மாற்றுவதானால் கொண்டுவந்த பிளாஸ்டிக் பையோடு புதுத் தொட்டியில் மிதக்கவிட்டு, உள்ளேயும் வெளியேயும் ஒரே சூடான பிறகுதான் திறந்துவிட வேண்டும். அந்தப் பொறுமை எனக்கு உண்டு.

என் தங்கையும் அந்த ரகம்தான். அப்பா அம்மா போன பிறகு என் கண் பார்வையிலேயே வளர்ந்தவள். கல்யாணமான பிறகும் என் வீட்டு மாடி அறையில்தான் குடிவைத்தேன். மாப்பிள்ளை எங்கள் காட்சியகத்திலேயே குளிரூட்டும் இயந்திரங்களைப் பார்த்துக்கொள்கிறவர். வாய்த்துடுக்கு ஜாஸ்தி. "என்ன மச்சான், மீனுக்கெல்லாம் போர்வை போத்திட்டுத்தான வர்றீங்க?" என்பார். நானும் சிரிப்பேன்.

போன திங்கட்கிழமை காட்சியகத்துக்கு விடுமுறை. எங்கள் இருவரைத் தவிர யாரும் இல்லை. உறைபனிக் கடல் மீன்கள் இருக்கிற குளிர்த்தொட்டியின் விளிம்பில் குந்திக் குழாய் மாட்டிக்கொண்டிருந்தவர், திரும்பாமலே சொன்னார்.

"மச்சான், வேற வேலை கிடைச்சிருச்சு. மலை ஊரு. நாளைக்கே கிளம்புறோம்."

"அவளுக்கு அந்த ஊர்த் தண்ணி ஒத்துக்காது மாப்ள."

"அவதான் போலாம்னு நச்சரிக்கிறா. உங்க வீட்டுல மூச்சு முட்டுதாம்."

அவள் அப்படிச் சொல்லியிருக்க மாட்டாள். இவர் சொல்லிக்கொடுத்ததாகத்தான் இருக்கும்.

தள்ளிவிட்டேன். கோபத்தில் செய்தேன் என்று எழுதிவிடாதீர்கள் ஐயா, கோபமே இல்லை. அந்தத் தண்ணீர் ஐஸ் தண்ணீருக்குக் கொஞ்சம்தான் மேல். உறைபனிக் கடல் மீன் என்றால் பேசாமல் ஒத்துப்போயிருக்கும். மனித உடம்பு தன் சூட்டை விட்டுக்கொடுக்காது. கைகால் ரத்தத்தையெல்லாம் உள்ளே இழுத்துக்கொள்ளும். முதலில் வாயைப் பிளந்து மூச்சிழுத்தார், தண்ணீர்தான் போனது. பிறகு விளிம்பைப் பிடித்தார். வலைக்கம்பால் விரல்களில் அடித்தேன். ஒரு கை விட்டது. இன்னொரு கை எலும்பு தெரிந்த பிறகும் விடவில்லை. அதனால் தலையில் அடிக்க வேண்டியதாயிற்று. பிறகு கம்பை அவர் மார்பில் ஊன்றி, அசைவு நிற்கும் வரை அழுத்திக்கொண்டிருந்தேன். தண்ணீர் சிவந்துவிட்டது. மீன்களுக்கு ஆகாதே என்று வடிகட்டியின் வேகத்தைக் கூட்டி வைத்தேன்.

தங்கையிடம் நானே போய்ச் சொன்னேன். மூன்றாம் மனிதர் சொல்லித் தெரியக்கூடாது அல்லவா. தலையில் அடித்துக்கொண்டு கத்தினாள். என் கன்னத்தில் இருக்கிற கீறல் அவள் நகம்தான். வேறு வழியில்லாமல் மாடி அறையில் விட்டு வெளியே பூட்டினேன். ஜன்னல் இடுக்கெல்லாம் டேப் ஒட்டி, கேஸ் ஹீட்டரைப் போட்டு வைத்திருக்கிறேன், குளிர் அண்டாது.

சாவி என் சட்டைப் பையில்தான் இருக்கிறது, எடுத்துக்கொள்ளுங்கள். ஆனால் அவசரம் வேண்டாம் ஐயா. புது மீன் முதலில் கண்ணாடியில் முட்டத்தான் செய்யும். அவளும் கதவில் முட்டிக்கொண்டே இருந்தாள். இன்று காலை உங்கள் ஆட்கள் என்னை அழைத்து வரும்போது சத்தமே இல்லை. இடம் பிடித்துப்போய்விட்டது போலிருக்கிறது.