கேப்டன் மனுவேலுக்கு மச்சான் நான் ஒருத்தன்தான்

அது எப்படிவே, லூதியானாவுல இருக்கிற கர்னலே, நேத்து போன்ல அழுதுக்கிட்டே "மனுவேலுக்கு நான்தான் மச்சான்"னு சொல்லுவீரு? அப்போ நான் யாரு? அவன் கெட்டுனது என் தங்கச்சி பிளாரன்ஸை! இந்தா, முன்வரிசையில உக்காந்திருக்கா.

மன்னிக்கணும். மேடையில இருக்கிற பங்குச்சாமிக்குத் தோத்திரம். கேப்டன் மனுவேலு இரங்கல் கூட்டத்துக்கு வந்திருக்கிற திரேஸ்புரம் பெரியவங்களுக்கும், பட்டாளத்து ஆபீசராகணும்னு கேப்டன்கிட்ட பயிற்சி எடுத்த பிள்ளைகளுக்கும் வணக்கம்.

நான் அஞ்சாப்பு. மனுவேலு பி.ஏ. ஆனா சங்கு குளிக்க ரெண்டுபேரும் ஒரே வள்ளம். தங்கச்சியைப் பேசி முடிச்ச அன்னைக்கே அவன் கயிறு என் கைக்கு வந்துட்டு. கடலுக்குள்ள முங்குறவனுக்கு, மேல வள்ளத்துல இருந்து மச்சான்தானே கயிறு பிடிக்கணும்? தங்கச்சி தாலியறுக்க எவன் கயிறை விடுவான்?

அப்புறம் ஆபீசர் பயிற்சிக்கு சென்னை பட்டாளத்து அகாடமிக்குப் போனான். அங்கன பத்து மீட்டர் உசரத்துப் பலகையில ஏத்தி, நீச்சல் குளத்துல குதிக்கச் சொன்னாங்களாம். தண்ணியே பாக்காதவனெல்லாம் குதிச்சிட்டான். நம்ம முத்துக் கடல்காரன் நிக்கான்!

"பயமா?"ன்னு கேட்டாராம் வாத்தியாரு.

"பயமில்ல சார். கயிறு பிடிக்க மச்சான் வரல."

சிரிக்காதீங்க! அந்த ஒரு சொல்லுக்கு மைதானம் முழுக்கக் குட்டிக்கரணம் போடவிட்டாங்க. முழங்கை, முட்டி எல்லாம் தோலு போச்சு. மறுநாள் செங்கல் மூட்டையைச் சுமந்துக்கிட்டு பத்து மைல் ஓட்டம். திரும்பவும் பலகை. அப்பதான் கூடப் படிச்ச இந்த லூதியானா சர்தாரு, குளத்தோரம் ஒரு துண்டை நீட்டிப் பிடிச்சிக்கிட்டு, "இன்னைக்கு நான் உன் மச்சான், குதி"ன்னாராம். குதிச்சிட்டான்!

அம்பது வருசமா அந்தத் துண்டு கதையைத்தான் சொன்னான். நான் பிடிச்ச கயிறை எவங்கிட்டயாவது சொன்னானா? வயிறு எரியாதா எனக்கு?

என் பேத்தி இசபெல்லா நான் எழுப்புனா எட்டு மணிக்கும் எழும்பமாட்டா. மனுவேலு விசிலுக்கு இருட்டோட கடற்கரையில நிப்பா! கால்ல ரத்தம் வந்தாக்கூட அவங்கிட்டதான் காட்டுவா. விடியக்காலம் ஒரு ஓட்டம், சாயங்காலம் அஞ்சரைக்கு ஒரு ஓட்டம். யாரு செத்தாலும் நிறுத்தக்கூடாதுன்னு சட்டம் வேற! நாளைக்கு அவளும் அதே அகாடமிக்குப் போறா.

அவன் விசிலை பிளாரன்ஸ் என் கையில தந்திருக்கா. சபைக்கு முன்னால சொல்லுதேன், இனிமே நான் ஊதுவேன். பிள்ளைகளுக்கு இங்கிலீசு சொல்லிக்குடுக்க எனக்கு வராது. கர்னலே, அதுக்கு நீரு போன்ல வாரும்... போகட்டும், நீரும் மச்சான்தான்.

ஏளா இசபெல்லா, நாளைக்கு நீ அந்தப் பலகையில ஏறும்போது... எங்களா எழும்புதே? அஞ்சரை ஆயிட்டா? நான் இன்னும் விசிலே ஊதலியே! ஏளா, ஒரு வார்த்தை கேட்டுட்டுப் போ. கயிறு பிடிக்க தாத்தா...