வெண்ணெய் இருநூற்றைம்பது கிராம்

ஹில்லெவி: கதவைச் சாத்தாத குன்வோர். என் கால் உள்ள இருக்கு.

குன்வோர்: உன்னை யாரு வரச் சொன்னா? கடுதாசியில தெளிவாத்தானே எழுதியிருந்தேன்.

ஹில்லெவி: அந்தக் கடுதாசியைப் பத்திக் கேக்கத்தான் வந்திருக்கேன். சுண்ட்ஸ்வால்ல இருந்து ரெண்டு மணி நேரம், பனியில. வழி பூரா இதையே பேசிட்டு வந்தேன். உன் தம்பி காதைப் பொத்திக்கலாம்னா ரெண்டு கையும் ஸ்டியரிங்ல இருந்துச்சு, பாவம்.

குன்வோர்: ஸ்டூரேவும் வந்திருக்கானா?

ஹில்லெவி: வாசல்ல பனி அள்ளிட்டிருக்கார். நீ ஒரு வாரமா அள்ளலை போல.

குன்வோர்: வர்றதுக்கு ஆள் இல்லைன்னா யாருக்காக அள்ளணும்?

ஹில்லெவி: ஆளை வராதேன்னு எழுதினது யாரு?

குன்வோர்: ...ஷூவைக் கழட்டு. தரை பூரா தண்ணி.

ஹில்லெவி: கழட்டுறேன். எவ்வளவு கோபம்னாலும் ஷூவைக் கழட்டத் தெரியும் எனக்கு. இந்தா, இதைப் படி.

குன்வோர்: நான் எழுதினதை நானே எதுக்குப் படிக்கணும்?

ஹில்லெவி: சரி, நான் படிக்கிறேன். 'அன்புள்ள ஹில்லெவி, இந்த வருஷம் இவ்வளவு தூரம் வர வேண்டாம். இஞ்சி பிஸ்கட் செய்முறையை இதோட அனுப்பியிருக்கேன். வீட்டுலயே சுட்டுக்கோங்க. கிறிஸ்துமஸ் வாழ்த்து.' அவ்வளவுதான். அதுக்கப்புறம் நேரா வெண்ணெய், இருநூற்றைம்பது கிராம்.

குன்வோர்: ஆமா. அளவு சரிதான்.

ஹில்லெவி: சரிதானா? ரொம்ப சந்தோஷம். இப்ப இந்த அட்டையைப் பாரு. பதினோரு வருஷம் முன்னாடி, எங்க கல்யாணத்தன்னிக்கு, சிவப்பு ரிப்பன் கட்டி நீ குடுத்தது. இதே இஞ்சி பிஸ்கட், இதே கையெழுத்து. வெண்ணெய் நூறு கிராம்.

குன்வோர்: கை தவறி எழுதியிருப்பேன்.

ஹில்லெவி: வெண்ணெயில கை தவறிச்சு, சரி. க்ரீம்லயும் தவறிச்சா? கடுதாசியில ஒரு கிண்ணம் க்ரீம் இருக்கு, அட்டையில க்ரீம்ங்கற பேச்சே இல்லை. ஆரஞ்சுத் தோல் பொடியும் இல்லை. கடுதாசியில மாவை ஒரு ராத்திரி குளிர்ல வைக்கணும்னு இருக்கு. அட்டையில என்ன இருக்கு தெரியுமா? 'பிசைந்த உடனே சுடவும்.' அதுக்கு அடிக்கோடு வேற.

குன்வோர்: அடிக்கோடா... நானா போட்டேன்?

ஹில்லெவி: ரெண்டு போட்டிருக்க. பதினோரு டிசம்பர், குன்வோர். ஓடு மாதிரி பிஸ்கட். முதல் வருஷம் ஆபீசுக்குக் கொண்டுபோனேன். ஒருத்தன் கடிச்சான், பல்லு போச்சு.

குன்வோர்: பல்லு ஏற்கனவே ஆடிட்டிருந்திருக்கும்.

ஹில்லெவி: சிரிக்காத.

குன்வோர்: நான் எங்க சிரிச்சேன்?

ஹில்லெவி: வாய் ஓரமா சிரிச்ச. வருஷா வருஷம் இங்க வந்து, நீ சுட்டதைத் தின்னுட்டு, 'எனக்கு மட்டும் ஏன் வரமாட்டேங்குது'ன்னு கேப்பேன். நீ என்ன சொல்லுவ? 'அது கைப்பக்குவம் ஹில்லெவி, எல்லாருக்கும் வராது.' என் கையைப் பிடிச்சுத் தட்டிக் குடுத்துச் சொல்லுவ. வெட்கமா இல்லை?

குன்வோர்: கைப்பக்குவம்னு ஒண்ணு இருக்கத்தான் செய்யுது.

ஹில்லெவி: நூற்றைம்பது கிராம் வெண்ணெய்க்குப் பேரு கைப்பக்குவமா?

ஸ்டூரே: அக்கா, படியில வழுக்காம இருக்கப் போட மணல் எங்க வச்சிருக்க?

குன்வோர்: விறகுக் கொட்டகையில, நீல வாளியில இருக்கு. உள்ள வாயேன்டா, குளிருது பாரு.

ஸ்டூரே: சண்டை முடிஞ்சுதா?

ஹில்லெவி: இல்லை.

ஸ்டூரே: அப்ப கொட்டகைக்குப் போற வழியையும் அள்ளிடறேன்.

குன்வோர்: கதவைச் சாத்திட்டுப் போ... என்ன ஹில்லெவி, மூக்கைச் சுளிக்கிற?

ஹில்லெவி: என்ன கருகுது?

குன்வோர்: எங்க?

ஹில்லெவி: அடுப்புலதான். காபிப் பாத்திரம் அடி பிடிச்சுப் புகையுது. உனக்கு முன்னாடிதான நிக்குது.

குன்வோர்: ஓ... அதுவா. நான் வேணும்னுதான் விட்டேன். எனக்குக் கொஞ்சம் கடுமையா இருந்தாத்தான் பிடிக்கும்.

ஹில்லெவி: இது கடுங்காபி இல்லை, ரோடு போடற தார். நகரு, நான் வேற போடறேன். ஜன்னலைத் திற... பேச்சை மாத்தலாம்னு பாக்காத. ஏன் தப்பா எழுதிக் குடுத்த? அதுக்குப் பதில் சொல்லு.

குன்வோர்: ஒரு பிஸ்கட்டுக்கு இவ்வளவு கோபமா? அறுபது வயசு ஆகப்போகுது உனக்கு.

ஹில்லெவி: ஐம்பத்தொன்பது. பால் எங்க?

குன்வோர்: நீ உக்காரு, பாலை நான் எடுக்கறேன். ஃபிரிட்ஜைத் திறக்காத.

ஹில்லெவி: ஏன் திறக்கக்கூடாது?

குன்வோர்: திறக்காதன்னா திறக்காத, ஹில்லெவி...

ஹில்லெவி: ...குன்வோர். இது என்ன?

குன்வோர்: எது?

ஹில்லெவி: பிளாஸ்டிக் உறைக்குள்ள, சாசேஜ் மாதிரி உருட்டி வச்சிருக்கே, விலைச்சீட்டோட. இது கடை மாவு. இஞ்சி பிஸ்கட்டுக்குக் கடை மாவு.

குன்வோர்: யாரோ குடுத்தாங்க.

ஹில்லெவி: யாரோ உன்கிட்ட வந்து கடை மாவைக் குடுத்துட்டு உயிரோட திரும்பிப் போனாங்களா? பக்கத்து வீட்டு சிக்னே கடை மாவு வாங்கினான்னு மூணு மாசம் அவகூடப் பேசலை நீ.

குன்வோர்: ரெண்டு மாசம்.

ஹில்லெவி: நாங்க வர்றதுக்கு முந்தின நாளே மாவைப் பிசைஞ்சு நிலவறையில வச்சிருப்ப. யாரையும் தொட விடமாட்ட. இப்ப நிலவறையில என்ன இருக்கு? உருளைக்கிழங்கு மட்டும்தானே? எங்களை வீட்டுல சுட்டுக்கோன்னு எழுதிட்டு, நீ தனியா உக்காந்து கடை மாவைச் சுட்டுத் திங்கப் போறியா? இது என்ன கோலம்?

குன்வோர்: என் ஃபிரிட்ஜ், என் அடுப்பு. நான் எதையோ சுடறேன். உன்கிட்ட எதுக்கு அனுமதி கேக்கணும்?

ஹில்லெவி: கேக்க வேண்டாம். எங்களை ஏன் வேண்டாம்னு சொல்ற? அதை மட்டும் சொல்லு. நாங்க என்ன தப்பு பண்ணினோம்?

குன்வோர்: நீங்க ஒண்ணும் பண்ணலை.

ஹில்லெவி: அந்த ஆளு கடுதாசியைப் படிச்சுட்டு மூணு நாள் சரியாச் சாப்பிடலை. 'அக்கா வராதேன்னு சொல்லிட்டா'ன்னு அதையே சொல்லிட்டிருந்தார். அறுபத்திமூணு வயசு மனுஷன். எனக்குப் பத்திக்கிட்டு வராதா?

குன்வோர்: ...அவனா? சாப்பிடலையா?

ஹில்லெவி: உருளைக்கிழங்கைத் தட்டுல உருட்டிட்டே இருந்தார்.

குன்வோர்: அவன்தான் இதுக்கெல்லாம் காரணம், போதுமா?

ஹில்லெவி: அவர் என்ன பண்ணினார்?

குன்வோர்: உன்னைக் கட்டிக்கிட்டான். ஐம்பத்திரண்டு வயசுல, யாரும் எதிர்பாக்காதப்ப. அதுவரைக்கும் ஒவ்வொரு டிசம்பரும் இங்கதான் வருவான், இந்த மேஜையில உக்காந்துதான் தின்பான். அவனுக்கு வேற போக்கிடம் இல்லை. அப்புறம் நீ வந்த. கல்யாணத்துக்கு முன்னாடியே கேட்ட. 'அந்த பிஸ்கட் அவருக்கு உசிராமே, எப்படிச் செய்யணும்னு எழுதித் தாங்க'ன்னு.

ஹில்லெவி: கேட்டேன். ஆசையாத்தான் கேட்டேன்.

குன்வோர்: ஆசையாத்தான் கேட்ட, தெரியும். ஆனா சரியா எழுதிக் குடுத்தா என்ன ஆகும்? உன் அடுப்புல, உன் வீட்டுல சுடுவ. எனக்கு ஒரு தகர டப்பாவுல போட்டுத் தபால்ல அனுப்புவ, ஒரு வாழ்த்து அட்டையோட. அவ்வளவுதான். நான் அந்த டப்பாவைப் பாத்துட்டு உக்காந்திருக்கணும். அதனாலதான் வெண்ணெயைக் குறைச்சேன். க்ரீமையும் எடுத்துட்டேன். அடிக்கோடும் போட்டேன், நல்லா நினைவிருக்கு. இப்ப திட்டு.

ஹில்லெவி: திட்டத்தான் போறேன், இரு. பதினோரு வருஷம் எங்களை வரவைக்கறதுக்காக என்னை ஏமாத்தின. சரி. இப்ப எதுக்குச் சரியான அளவை எழுதி அனுப்பின? இப்ப நாங்க வர வேண்டாமா?

குன்வோர்: இனிமே வந்தா இங்க உங்களுக்கு ஒண்ணும் இல்லை.

ஹில்லெவி: என்ன பேச்சு இது?

குன்வோர்: மெதுவாப் பேசு. அவன் ஜன்னல் பக்கம்தான் அள்ளிட்டிருக்கான்... போன வருஷம் செப்டம்பர்ல எனக்கு ஒரு சளி வந்துது, ஞாபகம் இருக்கா?

ஹில்லெவி: பத்து நாள் படுத்திருந்த.

குன்வோர்: சளி போச்சு. வாசனை திரும்பி வரலை. ஒண்ணுமே தெரியலை ஹில்லெவி. பட்டையும் தெரியாது, கிராம்பும் தெரியாது, சோப்பும் தெரியாது. காபி கருகினதும் தெரியாது, இப்ப பாத்தியே. டாக்டர் மூக்குல விளக்கடிச்சுப் பாத்துட்டு, வந்தாலும் வரும், வராமலும் போகும்னார். அதைச் சொல்ல ஒரு டாக்டர்.

ஹில்லெவி: ஏன் சொல்லலை எங்ககிட்ட?

குன்வோர்: எப்படிச் சொல்ல? என் டப்பாக்களைப் பாத்திருக்கியே. ஒண்ணுலயாவது பேர் ஒட்டியிருக்கேனா? மூடியைத் திறப்பேன், முகர்வேன், போடுவேன். நாற்பது வருஷமா அப்படித்தான். இப்ப எல்லாமே ஒரே பழுப்புப் பொடி, இல்லைன்னா மஞ்சள் பொடி. போன வருஷம் ஏதோ கை ஞாபகத்துல பண்ணிட்டேன். கடவுள் புண்ணியம், நல்லா வந்துது.

ஹில்லெவி: நல்லா வந்துதா?

குன்வோர்: நீயும்தானே கூட இருந்த? ஸ்டூரே ஒண்ணை உள்ளங்கையில வச்சு, மனசுக்குள்ள எதையோ வேண்டிக்கிட்டு, விரல் முட்டியால தட்டினான். சரியா மூணா உடைஞ்சுது. ஒரு வார்த்தை பேசாமத் தின்னான். மூணா உடைஞ்சா வேண்டிக்கிட்டது பலிக்கும், ஆனா தின்னு முடிக்கறதுக்குள்ள பேசினா பலிக்காதே. அப்புறம் இன்னொண்ணு. அப்புறம் இன்னொண்ணு. பதினாலு தின்னான், நான் எண்ணினேன். வாயே திறக்கலை. கண்ணுல தண்ணி வேற. எனக்குத்தான் ருசி தெரியலை, அவன் முகத்தைப் பாத்தே தெரிஞ்சுக்கிட்டேன். நான் சுட்டதுலயே அதுதான் உசத்தி.

ஹில்லெவி: குன்வோர்...

குன்வோர்: அதனாலதான் இந்த வருஷம் வேண்டாம்னேன். ரெண்டாவது தடவை அதிர்ஷ்டம் கைகுடுக்காது. அவன் ஒரு கடி கடிச்சுட்டு என் மூஞ்சியைப் பாப்பானே, அதை என்னால தாங்க முடியாது. கடை மாவு வாங்கி முதல்ல நானே சுட்டுப் பாக்கலாம்னுதான் வச்சிருக்கேன், பழகிக்கலாம்னு. வருஷா வருஷம் பிஸ்கட்டுக்காகத்தானே வர்றீங்க. அது போச்சுன்னா உங்களை எதைச் சொல்லிக் கூப்பிடுவேன்? நீ அவன்கிட்ட மட்டும் சொல்லிடாத. போன வருஷத்ததாவது அவனுக்கு அப்படியே இருக்கட்டும்.

ஹில்லெவி: பிஸ்கட்டுக்காகத்தான் வர்றோமா? இதைக் கேக்கவா ரெண்டு மணி நேரம் பனியில வந்தேன்? வாயில நல்லா வருது. கேளு குன்வோர். உன் தம்பி நீ மாவு பிசையறதைப் பக்கத்துல நின்னு பாத்துட்டு, ரெண்டாவது வருஷமே வண்டியில போகும்போது அளவையெல்லாம் எனக்குச் சொல்லிட்டார். வெண்ணெய் இருநூற்றைம்பதுன்னு ஒன்பது வருஷமா எனக்குத் தெரியும். நவம்பர்லயே எங்க வீட்டுல சுட்டுத் தின்னு முடிச்சுட்டுத்தான், எனக்கு வரலைன்னு இங்க வந்து அழுவேன். போன வருஷம் நீ போட்டது இஞ்சிப் பொடி இல்லை. கிறிஸ்துமஸுக்கு ஹெர்ரிங் மீன்ல கலக்கறியே, அந்த மஞ்சள் மசாலாப் பொடி. அதுல கண்ணுல தண்ணி வர்ற அளவுக்குக் காரம் எங்க இருக்கு? உனக்கு வாசனை போச்சுன்னு முதல் கடியிலயே அவருக்குப் புரிஞ்சுபோச்சு. வாயைத் திறந்தா சொல்லிடுவோம்னுதான் அவர் அடுத்தடுத்து எடுத்துத் தின்னார், டப்பாவுல இருந்த மிச்சத்தை வீட்டுக்குக் கொண்டுபோய் நான் தின்னேன்.