மூணு வாத்துச் சத்திரத்தில் ஆறு வருஷம்

மேடையில இருக்குற சங்கத் தலைவர் கெரார்தோ ஐயா அவர்களே, பாதிரியார் அவர்களே, மெழுகுவர்த்தி அனுப்பினதோட நிக்காம முன்வரிசையில வந்து உக்காந்திருக்குற டியூக்கோட பொக்கிஷதாரர் அவர்களே, லூக்காவுல இருந்து புரூஜுக்கு வந்து பட்டு விக்கிற என் ஊர்ச் சொந்தங்களே, எல்லாருக்கும் வணக்கம்.

மாஸ்ஸேயோ கால்வானி ஐயாவோட இந்த இரங்கல் கூட்டத்துல பேசணும்னு நான் பேர் குடுத்தப்போ, உனக்கென்னடா தகுதின்னு பின்னாடி யாரோ கேட்டீங்க. நியாயமான கேள்விதான். நான் யார் கடையிலயும் தொழில் படிக்கல. ஐயா எழுதின பழைய கடிதங்களைக் கெஞ்சிக் கூத்தாடி வாங்கி, பார்த்துப் பார்த்து எழுதியே வியாபாரம் கத்துக்கிட்டவன். அவர் போடுற கையெழுத்தோட கடைசிச் சுழி வரைக்கும் எனக்கு அத்துப்படி. நான் அவரோட வெறியன். இந்தத் தகுதி போதாதா?

ஆறு வருஷத்துக்கு முன்னாடி இதே மண்டபத்துல என்ன நடந்துச்சு? எல்லாருக்கும் தெரியும், யாரும் வாய்விட்டுச் சொல்றதில்ல. நான் சொல்றேன். சிப்பாய்களுக்குச் சம்பளம் போட டியூக்குக்கு எட்டாயிரம் ஃப்ளோரின் வேணும். லூவன்ல ஒரு வட்டிக்காரர் தர்றேன்னாரு. ஆனா டியூக்கை நம்பி இல்ல, நாம ஜாமீன் நிக்கணும். மாட்டோம்னா டியூக்கோட ரோட்டுல நம்ம பட்டு வண்டி ஒண்ணும் ஓடாது. நின்னோம். ஜாமீன் நின்னா, வழக்கப்படி நம்மள்ல ஒருத்தர் கடன் தீர்ற வரைக்கும் லூவன்லயே சத்திரத்துல கிடக்கணும். அவர் ஊர் எல்லையைத் தாண்டினா, அங்க இருக்குற நம்ம பட்டு மூட்டை அத்தனையும் ஜப்தி.

யார் போறீங்கன்னு கேட்டதும் எல்லாரும் கூரையைப் பார்த்தீங்களாம். கையைத் தூக்கினது யாரு? மாஸ்ஸேயோ ஐயா. ரெண்டு மாசம்தானே, உக்காந்து சாப்பிட்டு உடம்பைத் தேத்திக்கிறேன்னு சிரிச்சாராம்.

ரெண்டு மாசம்! பத்திரத்தை எழுதினதே அவர்தான். நாம வழக்கமா எழுதுற மாதிரியே எழுதினார். கடன், வசந்தச் சந்தையோட கடைசி நாள்ல தீர்க்கப்படும். தேதி போடல. நம்ம தொழில்ல யாராவது தேதி போடுவோமா? சந்தை வராமப் போகும்னு யாருக்காவது தோணுமா?

வரல. அந்த எட்டாயிரத்தை வாங்கின சிப்பாய்ங்க, சந்தை ஊருக்குப் போற பாலத்தைத்தான் முதல்ல கொளுத்தினாங்க. சந்தை இல்ல. சந்தை இல்லாததால கடைசி நாள் இல்ல. கடைசி நாள் இல்லாததால டியூக் தவணை தப்பவே இல்ல. பொக்கிஷதாரர் ஐயா தலையாட்டுறார் பாருங்க. சட்டப்படி சரிதாங்க ஐயா.

அடுத்த வருஷமும் சந்தை இல்ல. டியூக்கிட்ட போய்க் கேட்டோம். போர் முடிஞ்சாத்தானே சந்தை, போரை முடிக்க இன்னும் ரெண்டாயிரம் குடுங்கன்னாரு. குடுத்தோம். அதுக்கடுத்த வருஷமும் சந்தை இல்ல.

வருஷத்துக்கு ரெண்டு தடவை, நம்மூர் ஆலிவ் எண்ணெய் ஒரு குடுவை எடுத்துக்கிட்டு நான் போவேன். மூணு வாத்துச் சத்திரத்துல, மூணாவது மாடியில ஒரு குட்டி ரூம். ஜன்னலைத் திறந்தா எதிர்ல நம்ம பட்டுக் கிட்டங்கி. சத்திரக்காரம்மா மாக்டெல்டு, உங்க ஐயா ஒருத்தருக்கு மீன் வாங்கியே கடல் வத்திப்போச்சுன்னு குத்திக்காட்டும். அதுல பாதி நாறிப்போன மீன்தானே அம்மான்னு இவர் விடமாட்டார்.

நாலாவது வருஷம் எதிரிப் படை பக்கத்துல வந்துட்டதா சேதி. ஊரே ஓடுது. மாக்டெல்டு அம்மாவும் ஓடிடுச்சு. கோட்டை வாசல்ல காவல் இல்ல. நான் ரெண்டு குதிரையோட நிக்கிறேன். ஐயா, யாருமே இல்ல, வாங்க போயிடலாம்னேன்.

அவர் ஜன்னல் பக்கமே திரும்பி நின்னாரு. "அந்தக் கிட்டங்கில கெரார்தோவோடது நாப்பது மூட்டை. உன்னோடதும் ரெண்டு இருக்கு, தெரியுமில்ல?"

"என்னோடது போனாப் போகுது ஐயா."

"பெரிய கோடீஸ்வரன். போய் அடுப்பைப் பத்தவைடா தம்பி. அந்தம்மா திரும்பி வந்ததும் பசிக்குதும்பாங்க."

அந்தம்மா மூணாம் நாள் வந்துச்சு. சூப்பு சூடா இருந்துச்சு.

அப்பேர்ப்பட்ட மனுஷன் காய்ச்சல்ல போயிட்டாரு. அதே ரூம்ல, அதே கட்டில்ல. இனிமே எவனும் சத்திரத்துல கிடன்னு அவர்கிட்ட சொல்ல முடியாது. நம்மகிட்ட சொல்லலாம். பத்திரத்துல கடைசி வரி ஞாபகம் இருக்கா? தங்கியிருக்கிறவர் இறந்தா, பதினாலு நாளுக்குள்ள இன்னொருத்தர் வரணும். அதுவும் அவர் கையெழுத்துதான். இன்னைக்குப் பதினோராவது நாள். லூவனுக்கு ரெண்டு நாள் பயணம்.

இந்த மாதிரிக் கூட்டத்துல, அவர் விட்டுப்போன பணியைத் தொடருவோம்னு உறுதி எடுப்போம். எடுக்கலாமா? இப்பவும் கூரையைத்தான் பார்க்குறீங்க. பரவாயில்ல, பார்த்துக்கிட்டே இருங்க.

மாஸ்ஸேயோ ஐயா மாதிரி ஆகணும்னு ஊரெல்லாம் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சவன் நான். எனக்கு இருபத்திமூணு வயசு. சந்தை எப்ப வரும்னு தெரியாது. மாக்டெல்டு அம்மா சாவுச் சேதி எழுதின கடிதத்துலயே, வரப்போறவர் என்ன உயரம், கட்டில் குட்டையாச்சேன்னு கேட்டிருக்காங்க.

கட்டிலை மாத்த வேண்டாம், நானும் ஐயா உயரம்தான்னு காலையிலயே பதில் அனுப்பிட்டேன்.