முனை இல்லாத வாள்

– குறுக்க வச்சு வெட்டிட்டியேக்கா. அட்டைக்கு உள்ள ஓடுற வரி நீளவாக்குல வரணும். இப்படி வெட்டினா முதல் வீச்சுலயே வாள் மடங்கிடும்.

– அதனாலதான்டா சொல்றேன், நீயே வெட்டு. குடோன்ல அட்டைப்பெட்டி மடிச்சவன் நீ. நான் துணி வெட்டுறவ. துணின்னு நினைச்சே வெட்டிட்டேன்.

– கோடு நான் போடுறேன், வெட்டுறது நீ. பேச்சு அதுதானே.

– வெறும் கத்திரிக்கோல்டா இது.

– அதுவும் வெட்டும்.

– சரி, ராசா. இந்தக் கத்திரிக்கோலால இனிமே துணி வெட்டினா சட்டையெல்லாம் பல்லு பல்லாத்தான் வரும். இங்கயிருந்து ஆரம்பிக்கட்டுமா?

– ம். மெதுவா. மணி என்ன?

– எத்தனை தடவைதான் கேப்பே?

– சாயங்கால பஸ்ஸைப் பிடிக்கணும்னு சொன்னேன்ல. பையைக் கட்டிட்டேன்.

– நாளைக்குப் பள்ளிக்கூட நாடகத்துல உன் மருமக ராணி வேஷம் கட்டி மேடையில நிக்கப் போறா. இன்னைக்குப் பார்த்து ஊரை விட்டு ஓடுற தாய்மாமன் நீ ஒருத்தன்தான்.

– அதே பள்ளிக்கூடத்துலதானே அந்த லாரி டிரைவர் பொண்ணும் படிக்குது. அவரும் வருவாரு. எந்த முகத்தோடக்கா நான் உள்ள நுழையறது?

– இருக்கிற முகத்தோடதான்.

– விளையாடாதே. லோடு ஏத்த லேட்டாச்சுன்னு ஒரு வார்த்தை திட்டினாரு. அவ்வளவுதான். பெட்டி வெட்டுற கத்தியோட கையை ஓங்கிட்டேன். தோள்ல இறங்கிடுச்சு.

– அதுக்குத்தான் ஜெயில்ல இருந்துட்டு வந்துட்டியே.

– நான் ஜெயிலுக்குப் போனதால அவர் தோள் சரியாயிடுச்சா? லாரி ஓட்ட முடியாம இப்போ கேட்டுல காவலுக்கு உக்காந்திருக்காராம்.

– தெரியும்டா. தினமும் சாமி கும்பிடும்போது உங்க ரெண்டு பேருக்காகவும் சேர்த்தேதான் கேக்குறேன். தனித்தனியாக் கேட்டா கடவுள் ஒருத்தரை மறந்துடுவாரோன்னு பயம்.

– முனை கூரா இருக்கு. வட்டமாக்கு.

– ஆக்கிட்டேன்.

– இன்னும். சண்டைக் காட்சின்னு சொன்னியே. எதிர்ல நிக்கிற பிள்ளை கண்ணுல பட்டா?

– அட்டைடா இது.

– இன்னும் கொஞ்சம்.

– இதுக்கு மேல வெட்டினா நம்ம ராணி கரண்டியோடதான் போருக்குப் போகணும்.

– போகட்டும். ஓரத்துல துணி டேப்பை ரெண்டு சுத்து சுத்திடு. ஏன் ஜன்னலையே பாக்குறே?

– நீ முதல்ல உக்காரு. நீ குறுக்கயும் நெடுக்கயும் நடக்கிறதுல வெள்ளிக் காகிதமெல்லாம் பறக்குது.

– யாரையாவது வரச் சொல்லியிருக்கியா?

– வரச் சொல்லலடா. காலையில பள்ளிக்கூட வாசல்ல டிரைவர் சம்சாரத்தைப் பார்த்தேன். தலையைக் குனிஞ்சுட்டு வந்துடலாம்னு பார்த்தேன். அவளே கூப்பிட்டா.

– என்ன கேட்டா?

– தம்பி வீட்டுலதான் இருக்கானான்னு கேட்டா. ஆமா, மருமகளுக்கு அட்டையில வாள் செய்யப் போறான்னு சொன்னேன். அப்படியா, எங்க வீட்டுல அவர்கிட்ட சொல்றேன்னுட்டுப் போயிட்டா.

– ஏன்க்கா சொன்னே? நான் பின்வாசல் வழியாப் போயிடறேன்.

– நில்லுடா. அவ கோபமாக் கேக்கல.

– அவ கேக்கல. அவரு கேப்பாரு. கேக்கட்டும், நியாயம்தான். இந்தக் குழந்தை நாடகம் ஆடுற சமயத்துல வேண்டாம்னுதான் போறேன்.

– கதவைத் தட்டுறாங்க.

– திறக்காதேக்கா.

– தட்டின பிறகு திறக்காம இருக்க எனக்குத் தெரியாதுடா. இரு. வாங்க, டிரைவரண்ணே. உள்ள வாங்க.

– பையைக் கீழ வச்சுட்டு உக்காரு, தம்பி. நாளைக்கு உங்க ராணியை எதிர்த்து நிக்கப் போறது என் பொண்ணுதான். அவளுக்கும் உன் கையால ஒரு வாள் செஞ்சு கொடு.